காட்ஜில்லாவைத் திரைக்குக் கொண்டுவந்தவர் யார் தெரியுமா?

காட்ஜில்லாவைத் தெரியாதவர்கள் யாராவது உண்டா? கடலுக்குள்ளிருந்து எழுந்து வந்து, வாலை ஒரு வீசு வீசி, மூச்சுக் காற்றாலேயே ஊரைப் பொசுக்கும் அந்த ராட்சதப் பிராணியைப் படத்தில் பார்க்காதவர்கள்கூட டீ-ஷர்ட்டிலும் பென்சில் டப்பாவிலும் பார்த்திருப்பார்கள். சரி, அதை முதன்முதலில் இயக்கியவரின் பெயர் தெரியுமா? நூறு பேரிடம் கேட்டுப் பாருங்கள், தொண்ணூற்றொன்பது பேர் விழிப்பார்கள்!

அவர் பெயர் இஷிரோ ஹோண்டா. மோட்டார் கம்பெனி ஹோண்டாவுக்கும் இவருக்கும் எந்த உறவும் கிடையாது. மொத்தம் 46 படங்கள் இயக்கினார். அதில் காட்ஜில்லா வரிசை மட்டும் 8. ரோடன், மோத்ரா, மூன்று தலை கிடோரா என்று இன்றும் ஹாலிவுட் கோடி கோடியாகக் கொட்டி எடுத்துக்கொண்டிருக்கும் ராட்சதப் பிராணிகள் எல்லாம் இவர் இயக்கிய படங்களில்தான் முதலில் தலைகாட்டின. இவர் வாழ்க்கையோ இவருடைய எந்தப் படத்தையும் தூக்கிச் சாப்பிட்டுவிடும்!

வடக்கு ஜப்பானின் யமகதா மாகாணத்தில், யுதோனோ மலைப் பக்கத்து கிராமம் ஒன்றில் 1911 மே 7 அன்று பிறந்தவர். அப்பா புத்த கோயில் குரு. குடும்பத்தின் கடைக்குட்டி. பனி கொட்டும் அந்த மலைக் கிராமத்தில் சினிமா ஏது? ஆனால் ராணுவ மருத்துவரான அண்ணன் தம்பிக்கு விடாமல் அறிவியல் பத்திரிகைகள் அனுப்பிக்கொண்டே இருந்தார். கோயில் வீட்டில் உட்கார்ந்து விஞ்ஞானம் படித்த பையன்! பத்து வயதில் குடும்பம் டோக்கியோவுக்குக் குடிபெயர்ந்ததும் சினிமா பைத்தியம் பிடித்துக்கொண்டது. அது ஊமைப் படக் காலம். திரைக்குப் பக்கத்தில் நின்று கதையைச் சொல்லி, எல்லாப் பாத்திரத்துக்கும் ஒருவரே குரல் கொடுக்கும் ‘பென்ஷி’கள் அங்கே நட்சத்திரங்கள். சிறுவன் ஹோண்டாவுக்குத் திரையைவிட அந்தக் கதைசொல்லிகள் மேல்தான் கண்!

நிஹோன் பல்கலைக்கழகத்தில் சினிமா படித்தார். 1933-இல் பி.சி.எல். ஸ்டூடியோவில் சேர்ந்தார். இதுதான் பிற்பாடு ‘தோஹோ’ என்ற பெரும் நிறுவனமானது. உதவி இயக்குநர் வேலை, கையில் தொழில், கண்ணில் கனவு. அந்த நேரத்தில் வந்தது ராணுவத்தில் சேரச் சொல்லி உத்தரவு.

இங்கே விதி விளையாடியதைக் கேளுங்கள். 1936 பிப்ரவரி 26 அன்று டோக்கியோவில் இளம் ராணுவ அதிகாரிகள் சிலர் அரசைக் கவிழ்க்கக் கிளம்பினார்கள். அமைச்சர்களைச் சுட்டார்கள், தலைநகரின் மையத்தையே பிடித்துவைத்தார்கள். அந்தக் கலகத்தை நடத்தியவர்களில் ஒருவர் ஹோண்டாவின் படைப்பிரிவைச் சேர்ந்த அதிகாரி! ஹோண்டா கலகத்தில் கலந்துகொள்ளவில்லை. ஆனாலும் அந்தப் படைப்பிரிவையே மஞ்சூரியாவுக்கு அனுப்பிவிட்டார்கள். ஊருக்கு வருவதும், இரண்டு படத்தில் வேலை பார்ப்பதும், மறுபடி போர்முனைக்கு அழைப்பு வருவதுமாகவே காலம் ஓடியது. இடையில் 1939-இல், ஸ்டூடியோவிலேயே வேலை பார்த்த கிமி என்ற பெண்ணைக் காதலித்துக் கல்யாணம் செய்துகொண்டார். அந்த ஆண்டே மகள் பிறந்தாள். மறுபடி அழைப்பு. போர் முடிந்தபோது அவர் சீனாவில் போர்க்கைதி. வீடு திரும்பியது 1946 மார்ச்சில்!

அந்தப் போர்க்காலத்தில் மறைக்காமல் சொல்ல வேண்டிய ஒரு இருண்ட பக்கமும் உண்டு. ஜப்பானிய ராணுவம் பெண்களை அடைத்துவைத்து நடத்திய ‘ஆறுதல் நிலையங்கள்’ என்ற கொடுமை உலகமறிந்தது. சீனாவில் அப்படியொரு நிலையத்தைப் பார்த்துக்கொள்ளும் பொறுப்பு ஹோண்டாவிடம் இருந்தது. அதைப் பற்றிப் பலரும் வாயே திறக்காத காலத்தில், 1966-இல், தானே ஒரு சினிமா பத்திரிகையில் அந்த அனுபவத்தை எழுதினார். அவர் படங்களில் வரும் குற்ற உணர்வை அறிய விரும்புகிறவர்கள் இதையும் அறிந்திருக்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

இன்னொன்று தெரியுமா? சீனாவில் ஒரு சண்டையில் மோர்ட்டார் குண்டு ஒன்று அவர் முன்னாலேயே வந்து விழுந்தது. வெடிக்கவில்லை! சண்டை ஓய்ந்த பிறகு திரும்பிப் போய் அந்தக் குண்டைத் தேடி எடுத்தார். ஜப்பானுக்கே கொண்டுவந்துவிட்டார். கடைசிவரை அது அவர் எழுதும் மேசை மேலேயே இருந்தது. 

ஊர் திரும்பும் வழியில் அவர் வந்த ரயில் ஹிரோஷிமாவைக் கடந்தது. அணுகுண்டு விழுந்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. நகரம் இருந்த இடத்தில் நகரம் இல்லை. அந்தக் காட்சிதான் எட்டு வருடம் கழித்து ஒரு பிராணியின் உருவத்தில் திரையில் நடந்து வந்தது.

அதற்கு முன்னால் ஒரு நட்பைச் சொல்லியாக வேண்டும். அகிரா குரோசவாவும் இஷிரோ ஹோண்டாவும் நெருங்கிய நண்பர்கள் என்று தெரியுமா? ‘செவன் சாமுராய்’ எடுத்த மேதையும் காட்ஜில்லா எடுத்தவரும்! இருவரும் கஜிரோ யமமோட்டோ என்ற ஒரே குருவிடம் தொழில் கற்றவர்கள். வயதில் ஒரு வருடம்தான் வித்தியாசம். குரோசவாவை ராணுவம் எடுக்கவில்லை, 1943-இலேயே இயக்குநராகிவிட்டார். ஹோண்டா போர்முனையில் கிடந்தார். திரும்பி வந்தபோது நண்பன் எங்கேயோ போயிருந்தான், இவர் இன்னும் உதவி இயக்குநர்தான். பொறாமையில் வெந்து போயிருக்க வேண்டும், இல்லையா? 1949-இல் குரோசவாவின் ‘ஸ்ட்ரே டாக்’ படத்துக்குத் தலைமை உதவி இயக்குநராக வந்து நின்றார்!

அந்தப் படத்தில் ஒரு நீண்ட காட்சி உண்டு. துப்பாக்கியைப் பறிகொடுத்த இளம் போலீஸ்காரர், கோடை வெயிலில் டோக்கியோவின் கள்ளச்சந்தைகளில் அலைந்து திரிவார். நாயகன் மிஃபுனேயின் அந்த அலைச்சலைப் பார்த்து உலகமே அசந்துபோனது. ஆனால் பல ஷாட்களில் நடப்பது மிஃபுனேயே அல்ல, ஹோண்டா! மிஃபுனேயின் உடையைப் போட்டுக்கொண்டு, ரவுடிகள் ஆட்சி நடத்திய உவேனோ, அசகுசா சந்துகளில் அவரே நடந்தார். கேமராமேன் பெட்டிக்குள் கேமராவை ஒளித்துவைத்துப் பின்னாலேயே போனார். பிடிபட்டிருந்தால் அடி நிச்சயம். போருக்குப் பிந்தைய ஜப்பானின் முகம் அந்தப் படத்தில் அப்படியே பதிந்திருக்கிறது என்று யாராவது பாராட்டினால், அந்தப் பெருமை ஹோண்டாவுக்கே சேரும் என்று குரோசவா தன் சுயசரிதையில் எழுதியிருக்கிறார்.

1951-இல், நாற்பது வயதில், ஹோண்டாவின் முதல் கதைப்படம் ‘நீல முத்து’ வந்தது. கடலில் மூழ்கிச் சிப்பி எடுக்கும் பெண்களின் கதை. ஜப்பானியக் கதைப்படங்களில் நீருக்கடியில் கேமராவைக் கொண்டுபோனதில் இதுதான் முன்னோடி! கடலுக்கடியில் காட்ஜில்லா சாகும் காட்சிக்கு ஒத்திகை அன்றே நடந்துவிட்டது என்றுகூடச் சொல்லலாம்.

இனி 1954. இந்த வருடத்தைக் கொஞ்சம் நின்று பார்ப்போம்.

தோஹோவின் தயாரிப்பாளர் தொமோயுகி தனகா இந்தோனேசியாவோடு சேர்ந்து எடுக்கத் திட்டமிட்ட பெரிய படம் ஒன்று கடைசி நேரத்தில் கைவிட்டுப் போனது. தேதி இருக்கிறது, படம் இல்லை! விமானத்தில் திரும்பும்போது கடலைப் பார்த்துக்கொண்டே யோசித்தார். அந்த நாட்களில் ஜப்பானே பேசிய விஷயம் ஒன்றுதான். மார்ச் 1 அன்று பசிபிக்கின் பிகினி தீவில் அமெரிக்கா ஒரு ஹைட்ரஜன் குண்டை வெடித்துப் பார்த்தது. ஹிரோஷிமா குண்டைப்போல ஆயிரம் மடங்கு. தூரத்தில் சூரை மீன் பிடித்துக்கொண்டிருந்த ‘ஐந்தாம் அதிர்ஷ்ட டிராகன்’ என்ற படகின் மேல் வெள்ளைச் சாம்பல் மழையாகக் கொட்டியது. 23 மீனவர்களும் கதிர்வீச்சில் வெந்தார்கள். தனகாவின் அந்த யோசனையில் பிறந்த காட்ஜில்லா படம் தயாராகிக்கொண்டிருந்தபோதே, செப்டம்பர் 23 அன்று, அந்தப் படகின் வயர்லெஸ் ஆபரேட்டர் இறந்துபோனார்.

இப்போது படத்தின் முதல் காட்சியை நினைத்துப் பாருங்கள். கடலில் ஒரு கப்பல். ஆட்கள் ஓய்வாக உட்கார்ந்திருக்கிறார்கள். திடீரென்று கண் கூசும் ஒளி, தீ, கப்பல் காலி! 1954 நவம்பரில் அரங்கில் உட்கார்ந்திருந்த ஜப்பானியர் ஒவ்வொருவருக்கும் அது எந்தப் படகு என்று தெரியும். அடுத்து ஒரு ரயில் காட்சி. கதிர்வீச்சுச் சூரை மீன், கதிர்வீச்சு மழை, இப்போது காட்ஜில்லாவா என்று பயணிகள் அலுத்துக்கொள்கிறார்கள். அதில் ஒரு பெண், நாகசாகியிலிருந்து உயிர் தப்பி வந்தவள்! பிராணிப் படம் என்று டிக்கெட் வாங்கி உள்ளே போனவர்களுக்கு ஹோண்டா காட்டியது இதைத்தான்.

படப்பிடிப்புக்கு முன் படக்குழுவைக் கூப்பிட்டு அவர் சொன்ன விஷயம் தெரியுமா? கதையைப் படியுங்கள், இதை நம்ப முடியாதவர்கள் இப்போதே விலகிக்கொள்ளுங்கள் என்றார். ரப்பர் பிராணி ஊரை மிதிக்கும் கதைக்கு இப்படியொரு நிபந்தனை! யாராவது ஒருவர் உள்ளுக்குள் சிரித்தாலும் படம் செத்துவிடும் என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

சிறப்புக் காட்சிகள் எய்ஜி த்சுபுரயாவின் பொறுப்பு. பிற்பாடு அல்ட்ராமேனைத் தந்த அதே மந்திரக்காரர். அவருக்குக் ‘கிங் காங்’ மேல் தீராத மோகம். பொம்மையை இம்மி இம்மியாக நகர்த்தி ஒவ்வொரு ஃபிரேமாகப் படம்பிடிக்கும் முறையில்தான் செய்ய ஆசை. கணக்குப் போட்டால், முடிக்க ஏழு வருடம்! கையிலிருந்ததோ சில மாதம். அப்படிப் பிறந்ததுதான் ஆளை உள்ளே விட்டு நடக்கவைக்கும் ராட்சத உடை. காட்ஜில்லாவின் உயரம் 50 மீட்டர் என்று வைத்தார்கள், டோக்கியோ கட்டடங்களுக்கு மேலாகத் தலை தெரிய அது போதும். நகரத்தை இருபத்தைந்தில் ஒரு பங்காகச் சுருக்கிக் கட்டினார்கள். 50-ஐ 25-ஆல் வகுத்தால் 2 மீட்டர். ஒரு ஆள் உடைக்குள் நிற்கக் கணக்கு கச்சிதம்!

முதலில் செய்த உடையின் எடை ஏறக்குறைய 100 கிலோ. அதைப் போட்டுக்கொண்டு நடந்தவர் ஹருவோ நகஜிமா. அதே வருடம் ‘செவன் சாமுராய்’ படத்தில் கொள்ளைக்காரர்களில் ஒருவராக வந்து போனவர்! ராட்சதப் பிராணி எப்படி நடக்கும் என்று தெரிந்துகொள்ள உவேனோ மிருகக்காட்சிசாலைக்குப் போய் யானையையும் கரடியையும் நாள் கணக்கில் பார்த்தார். விளக்குகளின் சூட்டில் உடைக்குள் வியர்வை குளமாகத் தேங்கும், மயங்கி விழுவார், எழுந்து மறுபடி நடப்பார். கேமராவை வழக்கத்தைவிட வேகமாக ஓட்டிப் படம்பிடித்து, சாதாரண வேகத்தில் திரையிட்டார்கள். அதனால்தான் ஒவ்வொரு அடியும் மலை பெயர்ந்து வருவதுபோல அத்தனை கனமாக விழுகிறது. மூச்சுப் பட்டு உருகி வளையும் மின்கோபுரங்கள்? அத்தனையும் மெழுகு!

அந்த உறுமல் எங்கிருந்து வந்தது தெரியுமா? எந்த மிருகத்தின் குரலும் இல்லை. இசையமைப்பாளர் அகிரா இஃபுகுபே டபுள் பாஸின் தந்திகளைத் தளர்த்தி, பிசின் தடவிய தோல் கையுறையால் அவற்றை உரசவைத்தார். அதைப் பதிவு செய்து, வேகத்தை மாற்றியபோது வந்ததுதான் உலகத்தையே நடுங்கவைத்த குரல்! இந்த இஃபுகுபே போர்க்காலத்தில் மரங்களை ஆராயும் வேலையில் இருந்தவர். பாதுகாப்பில்லாமல் எக்ஸ்ரே கருவிகளோடு வேலை பார்த்துக் கதிர்வீச்சால் உடல்நலம் கெட்டவர். கதிர்வீச்சில் எழுந்த பிராணிக்குக் குரல் கொடுத்தவரும் கதிர்வீச்சை உடம்பில் வாங்கியவர்தான்!

எந்த இடத்தை இடிக்கலாம் என்று பார்க்க ஹோண்டாவும் குழுவினரும் கின்சாவில் ஒரு பெரிய கடையின் மொட்டை மாடி ஏறினார்கள். முதலில் அந்தக் கட்டடத்தைக் கொளுத்துவோம், பிறகு இதை இடிப்போம் என்று பேசிக்கொண்டிருந்தது காவலாளி காதில் விழுந்தது. அவ்வளவுதான், பிடித்து நிறுத்தி விசாரணை!

எல்லோரும் சொல்வது த்சுபுரயாவின் வித்தைகளைத்தான். ஆனால் என் கண்ணுக்கு இந்தப் படத்தின் உயிர் ஹோண்டா எடுத்த மனிதக் காட்சிகளில் இருக்கிறது. நடிகர்கள் வெறும் வானத்தைப் பார்த்து அலற வேண்டும், அங்கே எதுவும் கிடையாது. அந்தப் பார்வைகளில் பொய் தட்டாமல் பார்த்துக்கொண்டது இயக்குநர். கின்சா எரியும்போது ஒரு தாய் சுவரோரம் குந்தி உட்கார்ந்து பிள்ளைகளை இறுக்கிக்கொண்டிருப்பாள். ஓடுவதில் பயனில்லை என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. சீக்கிரமே அப்பாவிடம் போய்விடுவோம் என்று பிள்ளைகளைத் தேற்றுகிறாள். அப்பா எங்கே போனார், எந்தப் போரில் போனார் என்று படம் சொல்லவே இல்லை. அன்று அரங்கில் இருந்தவர்களுக்கு அதைச் சொல்ல வேண்டிய அவசியமும் இல்லை. சில நொடிகள்தான் அந்தக் காட்சி. மறுநாள் காலை ஆஸ்பத்திரித் தரையெல்லாம் காயம்பட்டவர்கள். டாக்டர் ஒரு குழந்தையின் பக்கத்தில் கதிர்வீச்சு அளக்கும் கருவியைக் கொண்டுபோகிறார். கருவி சத்தம் போடுகிறது. டாக்டர் தலையை மட்டும் ஆட்டுகிறார். குழந்தைகளுக்கான பொழுதுபோக்கு என்று யார் சொன்னது இதை?

கடைசியில் காட்ஜில்லாவைக் கொல்ல ஒரு பயங்கர ஆயுதம் கிடைக்கிறது. அதைக் கண்டுபிடித்த இளம் விஞ்ஞானி செரிசவா அதைப் பயன்படுத்தவே மறுக்கிறார். இது அரசியல்வாதிகள் கையில் சிக்கினால் அணுகுண்டு மாதிரி ஆகிவிடும் என்ற பயம். வேறு வழியில்லாமல் சம்மதிக்கும்போது, முதலில் குறிப்புகளை எரிக்கிறார். பிறகு கடலுக்கடியில் தன் உயிர்க்கயிற்றைத் தானே அறுத்துக்கொள்கிறார். மூளையில் இருக்கும் சூத்திரமும் தன்னோடு அழியட்டும் என்று! அணுகுண்டு விழுந்து ஒன்பதே வருடமான நாட்டில், இப்படியொரு விஞ்ஞானியை ஒரு பிராணிப் படத்துக்குள் வைத்தார்கள்.

1954 நவம்பர் 3 அன்று வெளியான அந்தப் படத்தைப் பார்த்தவர்கள் 96 லட்சம் பேர்!

அமெரிக்கா என்ன செய்தது தெரியுமா? 1956-இல் படத்தை வாங்கி, அணுகுண்டுப் பேச்சுகளில் பெரும்பகுதியை வெட்டி எறிந்தது. ரேமண்ட் பர் என்ற நடிகரை அமெரிக்க நிருபராக வைத்துத் தனியாகக் காட்சிகள் எடுத்து நடுநடுவே ஒட்டியது. உலகத்தின் பெரும்பாலான நாடுகளுக்குப் போனது அந்த வெட்டி ஒட்டிய படம்தான். ஹோண்டா எடுத்த அசல் படம் அமெரிக்கத் திரையரங்குகளில் முறையாக வெளியிடப்பட்டது 2004-இல்! ஐம்பது வருடம்!

பிறகு நடந்ததை வேகமாகப் பார்ப்போம். 1956-இல் ‘ரோடன்’, தோஹோவின் முதல் வண்ண ராட்சதப் படம். எரிமலைக் குழம்பில் ராட்சதப் பறவை துடித்துச் சாகும் கடைசிக் காட்சியில், பொம்மையைத் தாங்கிய கம்பி சூட்டில் அறுந்துவிட்டது. நிறுத்தச் சொல்வதற்குப் பதில் த்சுபுரயா கேமராவை ஓடவிட்டார். பறவை பரிதவித்துச் சரிவது அத்தனை உருக்கமாக அமைந்ததற்கு ஒரு கம்பிதான் காரணம்! 1959-இல் பேஸ்பால் வீரர் கசுஹிசா இனாவோவின் வாழ்க்கைக் கதையை, இனாவோவையே நாயகனாக நடிக்கவைத்து எடுத்தார். பிராணிப் பட இயக்குநர் என்று முத்திரை குத்தியவர்கள் இதையெல்லாம் பார்த்ததே இல்லை.

1961-இல் ‘மோத்ரா’. மூன்று பெரிய இலக்கிய எழுத்தாளர்கள் சேர்ந்து எழுதிய கதை. பழிவாங்க வராமல், கடத்தப்பட்ட இரண்டு குட்டித் தேவதைகளை மீட்க வரும் ராட்சத அந்துப்பூச்சி! தேவதைகளாக நடித்தவர்கள் ‘தி பீனட்ஸ்’ என்ற இரட்டைப் பாடகிகள். அவர்கள் மோத்ராவை அழைத்துப் பாடும் பாட்டு ஜப்பானிய மொழியே இல்லை, மலாய்-இந்தோனேசிய மொழி! மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் இருக்கும் நம்மவர்கள் சப்டைட்டில் இல்லாமலே வார்த்தைகளைப் பிடித்துவிடலாம்.

1962-இல் ‘கிங் காங் வெர்சஸ் காட்ஜில்லா’. முதல் வெளியீட்டிலேயே ஒரு கோடிக்கு மேல் டிக்கெட். காட்ஜில்லா வரிசையில் இன்றுவரை ஜப்பானில் அதிகம் பேர் பார்த்த படம் இதுதான். ஜப்பானிய வடிவத்தில் காட்ஜில்லா ஜெயிக்கும், அமெரிக்க வடிவத்தில் காங் ஜெயிக்கும் என்று கேள்விப்பட்டிருப்பீர்கள். சுத்தப் பொய்! இரண்டிலும் கடலிலிருந்து வெளியே நீந்திப் போவது காங் மட்டும்தான். அந்தப் படத்தில் வரும் ராட்சத ஆக்டோபஸுக்காக உயிருள்ள ஆக்டோபஸ்களையே பிடித்துவந்து நடிக்கவைத்தார்கள். படப்பிடிப்பு முடிந்ததும் அவற்றில் ஒன்று த்சுபுரயாவின் இரவுச் சாப்பாடு!

1963-இல் வந்த ‘மதாங்கோ’வைத் தனியாகச் சொல்லியாக வேண்டும். எனக்கு ஹோண்டாவின் படங்களில் காட்ஜில்லாவுக்கு அடுத்தபடி இதுதான். படகு உடைந்து ஒரு தீவில் ஒதுங்கும் ஏழு பேர். சாப்பிட எதுவும் இல்லை, காளான்கள் மட்டும் முளைத்துக் கிடக்கின்றன. சாப்பிட்டால் மனிதர் மெல்ல மெல்லக் காளானாகிவிடுவார். பசி ஒருபக்கம், பயம் ஒருபக்கம். படித்தவர், பணக்காரர், பாடகி என்று ஒவ்வொருவராக மனம் தளர்ந்து கடிப்பதை ஹோண்டா நிதானமாகக் காட்டுகிறார். காளானாக மாறுகிறவர்களின் முக ஒப்பனை அணுகுண்டால் பாதிக்கப்பட்டவர்களை நினைவூட்டுகிறது என்று படத்துக்குத் தடை வரப் பார்த்தது. நடிகர்கள் தின்றது அரிசி மாவில் செய்த இனிப்பு. திரையில் அதைப் பார்க்கும்போது நம் வயிறு கலங்குகிறது!

ராட்சதப் பிராணிகளை ஹோண்டா கெட்டவையாகப் பார்த்ததே இல்லை. அளவுக்கு மீறி உயரமாக, கனமாக, பலமாகப் பிறந்துவிட்டதுதான் அவற்றின் துயரம் என்பார். வேண்டுமென்றே யாரையும் தாக்குவதில்லை, நடந்தாலே வீடு இடிகிறது! 1965-இல் காட்ஜில்லாவை ஒரு படத்தில் துள்ளி ஆடவைத்தபோது அவருக்குப் பிடிக்கவில்லை. ஸ்டூடியோவுக்குக் குழந்தைகளின் கூட்டம் வேண்டும், இவருக்கு அந்தப் பிராணியின் மரியாதை வேண்டும். அவரோ குரல் உயர்த்தாத மனிதர், சண்டை போடவில்லை. அங்கேதான் கொஞ்சம் கொஞ்சமாகத் தோற்றார்.

1970 ஜனவரியில் த்சுபுரயா காலமானார். 1971-இல் ‘ரிட்டர்ன் ஆஃப் அல்ட்ராமேன்’ தொடரின் முதல் எபிசோடையும் கடைசி எபிசோடையும் இயக்கித் தந்தார் ஹோண்டா. 1975-இல் ‘டெரர் ஆஃப் மெக்காகாட்ஜில்லா’. அந்த வரிசையிலேயே மிகக் குறைவான பேர் பார்த்த படம், பத்து லட்சம்கூடத் தொடவில்லை. அதோடு இயக்குநர் நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டார். கதை முடிந்ததா?

இல்லை! அடுத்துதான் உச்சமே! ஓய்வுக் காலத்தில் ஹோண்டாவும் குரோசவாவும் சேர்ந்து கோல்ஃப் ஆடுவார்கள். குரோசவா தன் ‘ககெமுஷா’ படத்துக்கு உதவ வா என்றார். 46 படம் இயக்கியவர், எழுபதை நெருங்கும் வயதில், மறுபடி நண்பனின் உதவியாளராகப் போனார்! 1980-இல் ‘ககெமுஷா’, 1985-இல் ‘ரான்’, 1990-இல் ‘ட்ரீம்ஸ்’, 1991-இல் ‘ராப்சடி இன் ஆகஸ்ட்’, 1993-இல் ‘மாததாயோ’. குரோசவாவின் கடைசி ஐந்து படங்களிலும் பக்கத்தில் நின்றவர் ஹோண்டா.

‘ட்ரீம்ஸ்’ படத்தில் ஒரு பகுதி உண்டு. போர் முடிந்து தனியாகத் திரும்பும் அதிகாரி ஒரு சுரங்கப் பாதையைக் கடக்கிறார். பின்னாலேயே பூட்ஸ் சத்தம். செத்துப்போன அவருடைய படை வீரர்கள் அணிவகுத்து வந்து நிற்கிறார்கள். தாங்கள் இறந்துவிட்டது அவர்களுக்குத் தெரியவில்லை. குரோசவா ஒருநாளும் சிப்பாயாக இருந்ததில்லை. அந்தப் பூட்ஸ் சத்தத்தை அறிந்தவர் பக்கத்தில் இருந்தார். இதே படத்தில் வான்கோவாக நடித்த மார்ட்டின் ஸ்கார்செஸிதான் 2017-இல் வெளிவந்த ஹோண்டாவின் வாழ்க்கை வரலாற்றுக்கு முன்னுரை எழுதினார். ‘ராப்சடி இன் ஆகஸ்ட்’ நாகசாகியைப் பற்றிய படம். ஹிரோஷிமாவை ரயில் ஜன்னலில் பார்த்தவர், ஏறக்குறைய நாற்பத்தைந்து வருடம் கழித்து, எண்பதை நெருங்கும் வயதில், இந்தப் படத்துக்காக உழைத்துக்கொண்டிருந்தார்!

1993 பிப்ரவரி 28 அன்று, 81 வயதில், ஹோண்டா காலமானார். ‘மாததாயோ’ வெளியாக இன்னும் ஏழு வாரம் இருந்தது. அவர் கல்லறையில் பொறித்திருக்கும் அஞ்சலி வரிகளை எழுதியவர் குரோசவா. தனக்குப் பிடித்த நூறு படங்கள் என்று குரோசவா குறிப்பிட்ட பட்டியலில் காட்ஜில்லாவும் இருக்கிறது.

2013-இல் கில்லெர்மோ டெல் டோரோ தன் ‘பசிபிக் ரிம்’ படத்தை சிறப்புக் காட்சிக் கலைஞர் ரே ஹாரிஹாசனுக்கும் இஷிரோ ஹோண்டாவுக்கும் சமர்ப்பித்தார். 2015-இல் டோக்கியோவின் ஷின்ஜுகு வட்டாரம் காட்ஜில்லாவுக்குத் தன் சிறப்புக் குடியுரிமையே கொடுத்தது! 2024-இல் ‘காட்ஜில்லா மைனஸ் ஒன்’ சிறப்புக் காட்சிகளுக்கான ஆஸ்கரை வென்றது. போரிலிருந்து குற்ற உணர்வோடு திரும்பும் ஒருவனின் கதை அது. எழுபது வருடம் முன்னால் ஹோண்டா போட்ட பாதையில்தான் அந்தப் படமும் நடந்திருக்கிறது.

தயவுசெய்து ஒன்று செய்யுங்கள். 1954-இன் அந்தக் கறுப்பு-வெள்ளைப் படத்தை ஒருமுறை பாருங்கள். ஒன்றரை மணி நேரத்துக்குச் சற்று மேல், அவ்வளவுதான். அமெரிக்க நிருபர் வந்து ஆங்கிலத்தில் கதை சொன்னால் உடனே நிறுத்திவிடுங்கள், அது வெட்டி ஒட்டிய 1956 வடிவம். ஜப்பானிய மொழியில், சப்டைட்டிலோடு பாருங்கள். பக்கத்தில் பிள்ளைகளையும் உட்காரவையுங்கள். படம் முடிந்ததும் இதை எடுத்தவர் பெயர் இஷிரோ ஹோண்டா என்று அவர்களுக்குச் சொல்லிக்கொடுங்கள்.